ஆள் வருமுன் எறிகிறவர்

முதல் நாள் அவர் என்னோடு ஒரு வார்த்தையும் பேசவில்லை. ஒரு மூட்டையை எறிந்தார், அவ்வளவுதான்.

குரோய்டன் பக்கத்தில் ஒரு சலவைத் தொழிற்சாலை. ஹோட்டல்களின் படுக்கை விரிப்புகளும் துவாய்களும் லொறியில் வந்து, வெள்ளையாகி, மடிந்து, மறுபடி லொறியில் ஏறிப் போகும் இடம். மடித்தவற்றைத் தட்டுகளில் அடுக்குவது என் வேலை. அடுக்குவதில் எனக்கு ஒரு பிடிவாதம் உண்டு. மடிப்பின் வளைவு வெளிப்பக்கம் இருக்க வேண்டும். ஓரங்கள் ஒரே கோட்டில் நிற்க வேண்டும். அன்று காலை சுவரைப் பார்த்தபடி ஓர் அடுக்கைச் சரிசெய்துகொண்டிருந்தேன். ஏனென்று தெரியாமல் திரும்பினேன். திரும்பிய அதே கணத்தில் விரிப்பு மூட்டை ஒன்று காற்றில் மிதந்து வந்து என் இரண்டு கைகளிலும் இறங்கியது. இளஞ்சூடாக இருந்தது, தூங்கும் குழந்தையைப் போல. நீராவிக்கு அப்பால், அதை எறிந்தவர் ஏற்கெனவே எனக்கு முதுகு காட்டி அடுத்த வண்டியை நோக்கி நடந்துகொண்டிருந்தார். நான் பிடித்தேனா, விட்டேனா என்று அவர் பார்க்கவே இல்லை.

இடைவேளையில் போய் ஆங்கிலத்தில் கேட்டேன். அவருக்கு ஆங்கிலம் திக்கியது. இடையில் ஓர் இத்தாலியச் சொல் விழுந்தது. நான் அதைப் பிடித்துக்கொண்டேன்.

மன்னாரிலிருந்து புறப்பட்ட நான் லண்டனுக்கு வருமுன் பலெர்மோவில் பல ஆண்டுகள் வீடு துடைத்து, சமைத்து, இத்தாலியக் கடவுச்சீட்டும் எடுத்தவன். அவர் வெனிசுவேலாக்காரர். அவருடைய தாத்தா இத்தாலியிலிருந்து கப்பலேறியவர் என்பதால் அதே கடவுச்சீட்டு அவரிடமும் இருந்தது. எங்கள் மேற்பார்வையாளர் எங்களை ‘இரண்டு இத்தாலியர்கள்’ என்றுதான் மற்றவர்களிடம் சொல்வார். நாங்களும் திருத்தவில்லை. மூன்றாவது நாட்டில் நின்றுகொண்டு, இருவருக்கும் சொந்தமில்லாத ஒரு மொழியில் பேசிக்கொண்டோம். மாதா கோயிலில் எங்கள் ஆட்கள் என்னைக் கூப்பிடுவதைக் கேட்டுவிட்டு, அந்த இத்தாலிய மொழிக்குள் ‘அண்ணை’ என்ற ஒரு சொல்லையும் சேர்த்துக்கொண்டார். ஆகவே அவர் சொன்னவற்றை எங்கள் பேச்சிலேயே எழுதுகிறேன். என் காதில் அது அப்படித்தான் தங்கியிருக்கிறது.

“நான் திரும்பாமல் விட்டிருந்தால்?” என்று கேட்டேன்.

“திரும்பினீங்கள்தானே, அண்ணை.”

பிறகுதான் சொன்னார், தான் அமெரிக்காவிலும் பிறகு இத்தாலியிலும் பேஸ்பால் விளையாடிப் பிழைத்தவர் என்று. ஷார்ட்ஸ்டாப். எனக்கு அந்த விளையாட்டைப் பற்றி எதுவும் தெரியாது. அவர் நான்கு சிறு துவாய்களை எடுத்துத் தரையில் ஒரு சதுரத்தின் நான்கு மூலைகளாக வைத்தார். இந்த மூலையில் நின்று அடிக்கிறவன், பந்தை அடித்துவிட்டு அந்த மூலைக்கு ஓடுகிறான். அதுதான் முதல் பேஸ். ஷார்ட்ஸ்டாப் நிற்பது அதற்கு எதிர்ப்பக்கத்தில், இரண்டாவது பேஸுக்கும் மூன்றாவது பேஸுக்கும் இடையில். பந்து நிலத்தில் உருண்டும் துள்ளியும் அவரிடம் வரும். எடுத்து, குறுக்கே, ஓடுகிறவனுக்கு முன்னால் முதல் பேஸுக்கு அனுப்ப வேண்டும்.

“அங்கே ஒருவர் பிடிக்க நிற்பாரா?”

“நிக்கமாட்டார். அதுதான் விசயம். அவர் தள்ளி நிப்பார். பந்து என்ர கையை விட்டு வெளிக்கிடேக்க அவர் ஓடி வந்துகொண்டிருப்பார். ஆளைப் பாத்து எறிஞ்சால் பிந்திப்போகும். இடத்துக்கு எறியவேணும். ஆள் வரும்.”

அந்த மனிதர் முழுவதும் இந்த ஒரு வசனம்தான் என்று இப்போது தோன்றுகிறது.

நாங்கள் இருவருமே ஸ்ட்ரெதமில்தான் இருந்தோம். அவருடையது ஒரு கடைக்கு மேலே ஓர் அறை. முதல் முறை போனபோது இரண்டு கட்டில்கள் இருந்தன. இரண்டாவதில் விரிப்பு கொஞ்சமும் கசங்காமல் இருந்தது. யாருக்கு என்று கேட்டேன். மகளுக்கு என்றார். மகள் தாயோடு மட்ரிட்டில் இருக்கிறாள். இருபது வயது தாண்டிவிட்டது. எப்போது வருகிறாள் என்று கேட்டேன்.

“அது எனக்குத் தெரியாது, அண்ணை. என்னோட அவள் கதைக்கிறேல்லை.”

ஞாயிறு பூசை முடிந்ததும் அவர் ஸ்ட்ரெதம் கொமன் என்ற பொதுப் புல்வெளியின் மேட்டுக்கு ஏறுவார். அங்கே ஒரு மரவாங்கு உண்டு. உட்கார்ந்தால் சரிவும், அதற்குக் கீழே கூரைகளும், இன்னும் அப்பால் நீலமாய்க் கரையும் ஏதோ குன்றுகளும் தெரியும். அந்த வாங்கில் இருந்து வட்ஸ்அப்பில் மகளுக்கு ஒரு குரல் செய்தி அனுப்புவார். ‘வா’ என்று ஒருநாளும் சொன்னதில்லை. எந்தப் பஸ், எந்த நிறுத்தம், எந்தப் பாதையால் ஏறி வர வேண்டும், எந்த மரத்துக்குப் பக்கத்தில் வாங்கு என்று சொல்வார். அடுத்த ஞாயிறும் இங்கேதான் இருப்பேன் என்று சொல்வார். சில வேளை அன்றைய வெயிலைப் பற்றியும், தொழிற்சாலையில் நடந்ததைப் பற்றியும். முடிந்ததும் போனைச் சட்டைப் பைக்குள் போட்டுவிட்டு மேகங்களைப் பார்ப்பார். செய்தி போய்ச் சேர்ந்ததா, அவள் கேட்டாளா என்று திரையைத் திருப்பியும் பார்க்கமாட்டார். பழைய செய்திகளைப் பார்க்காமல், கட்டை விரலால் நேரே ஒலிவாங்கிப் படத்தை அழுத்திப் பேசுவார்.

நான் அப்படிப்பட்டவன் அல்ல. ஒருநாள் அவர் பேசிக்கொண்டிருந்தபோது அருகில் இருந்து பார்த்தேன். முந்தைய செய்திகள் எல்லாவற்றுக்கும் கீழே இரண்டு நீலக் குறிகள். அவள் கேட்டிருந்தாள். ஒவ்வொன்றையும்.

“உமக்கு ஒரு விசயம் சொல்லவேணும்” என்று தொடங்கினேன்.

அவர் கையை உயர்த்தினார். “போனில பாத்ததோ? சொல்லாதேங்கோ, அண்ணை.”

சொல்லவில்லை. அது என்னை உறுத்தியது.

எங்கள் கோயில் பங்கு ஆட்களுக்குக் கோடையில் சட்டன் பக்கத்துத் தமிழ் ஆட்களோடு ஒரு கிரிக்கெட் ஆட்டம் உண்டு. எங்கள் அணித் தலைவன் என் மச்சான் கிளமென்ற், மனைவியின் தம்பி. அவனுக்கு இந்த மனிதரைப் பற்றிச் சொன்னது நான்தான்.

“அத்தான், உண்மையா அந்த ஆள் அமெரிக்காவில சம்பளத்துக்கு விளையாடினவரோ?”

“ஓம்.”

“பிறகேன் உங்களோட நிண்டு துவாய் மடிக்கிறார்?”

“மடிக்கிறது நான். அவர் எறியிறவர்.”

“அப்ப கூட்டிக்கொண்டு வாங்கோ. சட்டன்காரர் இந்தமுறை அழுதுகொண்டுதான் ட்ரெயின் ஏறவேணும்.”

கிரிக்கெட்டுக்கும் பேஸ்பாலுக்கும் ஓட்டமும் பிடியும் ஒன்றுதானே என்று எல்லோரும் நினைத்தார்கள். கிளமென்ற் அவரை மிட்விக்கெட்டில், அதாவது அடிப்பவரின் கால் பக்கத்தில், கொஞ்சத் தூரத்தில் நிறுத்தினான். மரத்தடியில் ஓட்டக் கணக்கு எழுதிக்கொண்டிருந்த நான் நிமிர்ந்து பார்த்தேன். அவர் முழங்காலை மடித்து, இரண்டு கைகளையும் நிலத்தை நோக்கித் தொங்கவிட்டு, பாதி தூக்கத்தில் இருப்பவர்போல் லேசாக ஆடிக்கொண்டு நின்றார். முதல் பந்து அவர் பக்கம் வந்தது. பந்து மட்டையில் படுவதற்கு முன்பே அவர் நகர்ந்துவிட்டார் என்று சத்தியம் செய்வேன். வெறுங்கையால் அள்ளினார். அள்ளியதும் எறிந்ததும் ஒரே அசைவு. இடையில் எதுவும் இல்லை, தண்ணீர் ஒரு கல்லைச் சுற்றிப் போவதைப்போல. விக்கெட் காப்பாளன் கையை நீட்டிக்கொண்டு நின்றான். பந்து அவனிடம் போகவில்லை. ஆடுகளத்துக்குக் குறுக்கே, நெஞ்சு உயரத்தில், ஒரு நூல் பிடித்ததுபோல மறுபக்கத்துக்குப் பறந்தது. அங்கே ஒருவரும் இல்லை. எல்லைக் கோட்டைத் தாண்டி ஓடியது. சும்மா கொடுத்த நான்கு ஓட்டம்.

“ஆருக்கு எறிஞ்சவர்?” கிளமென்ற் தலையில் கைவைத்தான். “அங்க நிக்கிற நாய்க்கோ?”

கோட்டுக்கு வெளியே உண்மையில் ஒரு நாய் நின்றது. சட்டன் ஆட்கள் கைதட்டினார்கள். “இன்னொருக்கா, அண்ணை! நல்லாயிருக்கு!” அவரோ முதுகைத் திருப்பித் தன் இடத்துக்கு நடந்துவிட்டார். அடுத்த பந்துக்கும் அதுவே நடந்தது. எத்தனையோ வருடம் அந்தத் தோள் ஒரே திசையைத்தான் பார்த்திருக்கிறது. விளக்கிச் சொல்ல நான் போனேன். “விளங்குது, அண்ணை. ஆனால் பந்து பட்டால் கை என்ர சொல்லுக் கேட்கிறேல்லை” என்றார்.

அப்போது கிளமென்ற் ஒரு முடிவு எடுத்தான். வேறு எந்த அணித் தலைவனும் அதை எடுத்திருக்கமாட்டான்.

“அத்தான், கொப்பியை வையுங்கோ. எப்பிடியும் ஒருத்தன் ஷிப்ட் எண்டு வரேல்லை. நீங்கள்தான் பதினோராவது ஆள். அங்க போய் நில்லுங்கோ.”

“எங்க?”

“அவர் எறியிற இடத்தில!”

நான் போய் நின்றேன், சப்பாத்தும் நீளக் காற்சட்டையுமாக. வெயில் புல்லின்மேல் ஆவிபோல் எழுந்துகொண்டிருந்தது. மூன்றாவது முறை பந்து புறப்பட்டபோது எனக்குப் பயம் வரவில்லை என்பதுதான் ஆச்சரியம். சலவைக்கூடத்தில் மூட்டை வந்ததுபோலவே வந்தது. நான் எதையும் செய்யவில்லை. கைகளைத் திறந்து வைத்திருந்தேன், பந்து அங்கே வந்தது. அவர் மறுபடி தவறான திசையில் எறிகிறார் என்று நம்பிய சட்டன் ஆட்டக்காரன் ஒருவன் சிரித்துக்கொண்டே இன்னொரு ஓட்டத்துக்குப் புறப்பட்டிருந்தான். நான் பந்தைக் காப்பாளனிடம் உருட்டிவிட்டேன். ஆட்டமிழப்பு. என் வாழ்க்கையில் கிரிக்கெட்டில் நான் செய்த ஒரே காரியம்.

அன்று நாங்கள் தோற்றோம். திரும்பும்போது அவர் பஸ்ஸின் மேல்தட்டில் என் பக்கத்தில் இருந்து, அமெரிக்காவின் மேல் லீக்கைப் பற்றி ஒரே ஒரு முறை பேசினார். பதினாறு வயதில் ஒரு அமெரிக்க அணி அவரை ஒப்பந்தம் செய்தது. கோடைகளில் அங்கே சின்னச் சின்ன ஊர்களில் ஆடினார். ஊர்களைவிட பஸ்கள்தான் அவருக்கு நினைவிருந்தன. குளிர்காலத்தில் நாடு திரும்பி அங்குள்ள லீக்கில் ஆடினார். அந்த மேல் லீக்குக்கு அவரைக் கூப்பிட்டது ஒரேயொரு கிழமைக்கு, யாரோ காயப்பட்டதால். ஆட்டங்களின் கடைசிப் பகுதியில் இறக்கினார்கள். அந்தக் கிழமை முழுவதும் ஒரு பந்தும் அவர் பக்கம் வரவில்லை.

“கவலையா இருந்திச்சோ?”

“புல் அவ்வளவு பச்சை, அண்ணை. விளக்கு வெளிச்சத்தில என்ர காலுக்கு நிழலே இல்லை. பந்து வந்தால் இதெல்லாம் குழம்பிப்போயிடும் எண்டு நினைச்சன். வராததும் நல்லதுதான்.”

அதை அவர் சொன்னபோது பஸ் ஸ்ட்ரெதம் ஹை ரோட்டில் இலைகளை உரசிக்கொண்டு போனது. நானும் அந்தப் பச்சையைக் கொஞ்ச நேரம் கண்டேன்.

என் மனைவி ஜெசிந்தாவுக்கு அவரைப் பிடிக்கும். அவருடைய இந்தக் குணத்தைப் பிடிக்காது. ஒரு ஞாயிறு சாப்பிட வந்திருந்தார். மீன்குழம்பின் உறைப்பில் கண்ணைத் துடைத்துக்கொண்டே, எறிந்த பந்தைத் தான் ஏன் பார்ப்பதில்லை என்று எனக்குச் சொன்னார். ஒரே ஒருமுறை பார்த்தாராம், தன் நாட்டில் ஓர் இறுதிப் போட்டியில். தோள் அப்போதே நோகத் தொடங்கிவிட்டது. எறிந்துவிட்டுப் பார்த்தார், பந்து விலகி விலகிப் போனது. அரங்கம் முழுவதும் அதைப் பார்த்தது. அவரும் சேர்ந்து பார்த்தார். “அதுக்குப் பிறகு பாக்கிறேல்லை. கையை விட்டாப் பிறகு அது என்ர பந்து இல்லை, அண்ணை.”

நான் அதை ஜெசிந்தாவுக்குத் தமிழில் சொன்னேன். அவள் அகப்பையைச் சட்டிக்குள் வைத்தாள்.

“அப்ப பிள்ளையும் அப்பிடித்தானோ? கையை விட்டாப் பிறகு தன்ர இல்லையோ?”

“ஜெசி, சும்மா இரு.”

“ஏன் சும்மா இருக்கிறது? இது நம்பிக்கை எண்டு நீங்கள்தான் சொல்லித் திரியிறியள். நம்பிக்கை இருக்கிறவன் திரும்பிப் பாப்பான். இந்த ஆளுக்கு இருக்கிறது பயம்.”

“என்ன சொல்லுறா?” என்று அவர் கேட்டார்.

மழுப்பியிருக்கலாம். எனக்கு அப்படிச் சொல்ல வராது. அவள் சொன்னதை அப்படியே, ஒரு சொல்லும் விடாமல் இத்தாலிய மொழியில் சொன்னேன். அவர் சாப்பாட்டுக் கோப்பையைக் கொஞ்சம் தள்ளி வைத்தார். யன்னலுக்கு வெளியே யாரோ காரை எடுக்க முயன்றுகொண்டிருந்தார்கள்; அது உறுமி உறுமி அடங்கியது.

“நான் இத்தாலிக்கு விளையாட வெளிக்கிட்ட அண்டைக்கு” என்றார், “அவளுக்கு ஆறு வயசு. பிள்ளை கேற்றடியில நிண்டவள். டாக்ஸி வெளிக்கிட்டாப் பிறகும் கூப்பிட்டுக்கொண்டு நிண்டவள். திரும்பிப் பாத்தால் நான் இறங்கிப் போயிடுவன். அதாலதான் பாக்கேல்லை.” பிறகு, “ஆனால் அவளுக்குத் தெரிஞ்சது என்ர முதுகு மட்டும்தான்” என்றார்.

ஜெசிந்தாவுக்கு நான் மொழிபெயர்க்கவில்லை. அவள் முகத்தைப் பார்த்தபோது தேவையிருக்கவில்லை. எழுந்து அவருடைய கோப்பையில் இன்னும் கொஞ்சம் சோறு போட்டாள்.

அந்த இலையுதிர்காலத்தில் அவருடைய அம்மா வெனிசுவேலாவின் மரக்காய் நகரத்தில் விழுந்து இடுப்பை முறித்துக்கொண்டார். பார்ப்பதற்கு வேறு ஆள் இல்லை. அவர் சில கிழமைகளுக்கு என்று புறப்பட்டார். புறப்படுவதற்கு முதல் ஞாயிறு, வாங்கில் இருந்து மகளுக்கு வழக்கம்போல் செய்தி அனுப்பினார். பிறகு என்னிடம் திரும்பினார்.

“அண்ணை, இடம் இதுதான் எண்டு அவளுக்குச் சொல்லிப்போட்டன். நான் திரும்பி வருமட்டும் நீங்கள் இங்க வந்து நிக்க ஏலுமோ? வேற ஒண்டும் செய்யத் தேவையில்லை. உங்களைப் பற்றியும் சொல்லியிருக்கிறன்.”

“நான் நிக்கிறன். நீர் போயிட்டு வாரும்.”

அவர் திரும்பி வரவில்லை. அம்மா படுக்கையிலேயே தங்கிவிட்டார். மகன் அந்தக் கட்டிலின் காலடியிலேயே தங்கிவிட்டார். மூட்டைகளை இப்போது ஒரு இளைஞன் தள்ளுவண்டியில் கொண்டுவந்து தருகிறான், நல்ல பிள்ளை. ஆனாலும் சுவரைப் பார்த்து அடுக்கிக்கொண்டிருக்கும்போது சில வேளை காரணமில்லாமல் திரும்புகிறேன். நீராவி மட்டும்தான் இருக்கும்.

பூசை முடிந்ததும் நான் மேட்டுக்கு ஏறுவேன். ஜெசிந்தா முதலில் புறுபுறுத்தாள். பிறகு பிளாஸ்கில் தேத்தண்ணி ஊற்றித் தந்தாள். அதில் எப்போதும் இரண்டு பேருக்கு இருக்கும். “அவள் வரமாட்டாள்” என்று சொல்லிக்கொண்டேதான் ஊற்றுவாள். அங்கே இருக்க இருக்க எனக்கு ஒன்று பழகிவிட்டது. நாய்களோடு நடப்பவர்கள், பட்டம் விடுபவர்கள், சரிவில் இறங்கும் மூடுபனி, எல்லாமே எங்கிருந்தோ எறியப்பட்டு மெல்ல மெல்ல வந்து சேர்வதாகத் தோன்றும். நான் செய்ய வேண்டியது எழுந்து போகாமல் இருப்பது மட்டும்.

ஒரு ஞாயிறு நான் வாசித்து முடித்த பத்திரிகையை மடித்துக்கொண்டிருந்தேன். ஓரங்களைச் சரிபார்த்து நான்காக மடித்தபோது, முன்னால் ஒரு நிழல் நின்றது. ஓர் இளம்பெண்; முதுகில் ஒரு பை, கழுத்தில் மஞ்சள் சால்வை. தூரத்துக் குன்றுகளைப் பார்ப்பதுபோல் என்னைப் பார்த்தாள். ஸ்பானிய மொழியில் பேசினாள். இத்தாலிய மொழி தெரிந்தவனுக்கு அது விளங்கும்.

“எல்லாத்தையும் மடிக்கிற ஆள் நீங்கள்தானே?”

நான் எழுந்து நின்றேன். என் கைகள் தாமாகவே கொஞ்சம் முன்னால் நீண்டிருந்தன. எதற்கென்று தெரியாமல் அவற்றைக் கீழே இறக்கினேன்.

“அப்பா இங்கே இல்லை, பிள்ளை” என்றேன்.

“தெரியும். எல்லாச் செய்தியும் கேட்டனான்.” வாங்கைத் தொட்டுப் பார்த்தாள். பிறகு அவர் சொன்ன மரத்தைத் தேடினாள். இருந்தது. “அவர் சொன்ன மாதிரியே இருக்கு. பொய் சொல்லுறாரோ எண்டு பாக்கத்தான் வந்தனான்.”

தேத்தண்ணி ஊற்றிக் கொடுத்தேன். பிறகு அவரை அழைத்தேன். அங்கே காலை நேரம். பின்னால் ஒரு மின்விசிறி சுற்றும் ஒலி.

“என்ன, அண்ணை? அங்க மழையோ?”

“மழை இல்லை. ஆள் வந்திருக்கு.”

மின்விசிறி சுற்றிக்கொண்டே இருந்தது. அவர் போனை வைத்துவிடுவார், முதுகைத் திருப்பிக்கொண்டு அடுத்த வேலைக்குப் போய்விடுவார் என்று நான் பயந்தேன். அப்படித்தான் அவரை எனக்குத் தெரியும்.

“அண்ணை” என்றார். அந்தக் குரலை நான் முன்பு கேட்டதில்லை. “கமராவைப் போடுங்கோ. நான் பாக்கவேணும்.”

போனை உயர்த்திப் பிடித்தேன். அதற்குள் அவள் கோப்பையை வாங்கில் வைத்துவிட்டுச் சரிவில் இறங்கத் தொடங்கியிருந்தாள். அந்த மஞ்சள் சால்வையும் முதுகுப் பையும்தான் திரையில் தெரிந்திருக்கும்.

“கூப்பிடட்டோ?” என்று கேட்டேன்.

“வேண்டாம். அவள் நடக்கட்டும். நான் பாத்துக்கொண்டு நிக்கிறன்.”

அவள் நடந்தாள். ஈரப் புல்லில் அவளுடைய கால்தடங்கள் கருமையாக விழுந்தன. நான் கையை இறக்கவில்லை. சரிவின் கீழே, பாதை திரும்புமிடத்தில், அவள் நின்றாள். திரும்பிப் பார்த்தாள்.